பின்திகதியிடப்பட்ட படையெடுப்பு

எங்கள் விளையாட்டு விதிகள், பிரிவு 7, உபபிரிவு (ஆ): "ஆட்டம் ஆரம்பமான பின்னர் அதன் வேகம், கால எல்லை, கடினம் ஆகியவற்றுள் எதனையும் இரு தரப்பினரதும் எழுத்துமூலச் சம்மதமின்றி மாற்றுதல் ஆகாது."

இந்த விதியை எழுதியவன் நான். நான்கு பக்கம் டைப் செய்து, ஒரு பிரதியைச் சம்பந்தியிடம் கொடுத்து, கிடைத்ததற்குக் கையொப்பம் வாங்கிக் கோப்பில் போட்டவனும் நான். அதை மீறிய ஒரே ஆளும் நான்தான். முப்பத்து நான்கு வருடம் பிரதேச செயலகத்தில் குப்பை கொட்டியவனுக்கு இதில் வெட்கப்பட ஒன்றுமில்லை என்றுதான் அப்போது நினைத்தேன். விதியை எழுதுகிறவனுக்குத்தானே அதில் எந்தப் பக்கம் ஓட்டை என்று தெரியும்.

பிரச்சினை விளையாட்டில் ஆரம்பிக்கவில்லை, காதில் ஆரம்பித்தது. என் மகள் கவிதாவுக்கும் சம்பந்தியின் மகன் பிரதீபனுக்கும் பிறந்த ஆதிராவுக்கு எந்தக் கோயிலில் காது குத்துவது? தாய்மாமன் மடியில் வைத்துக் குத்துகிற காரியம், ஆகவே அது தாய் வீட்டுப் பொறுப்பு, ஆகவே மாத்தளை டவுன் கோயில் என்பது என் வாதம். சம்பந்தி சிவலிங்கம் ரத்தோட்டைக்கு மேலே ஒரு தோட்டத்தில் டீமேக்கராக, அதாவது தேயிலைத் தொழிற்சாலைக்குப் பொறுப்பாக, நாற்பது வருடம் இருந்தவர். அந்தத் தோட்டத்துக் கோயிலில்தான் அவர்களுடைய குலசாமி. பிள்ளை குறை மாதத்தில் பிறந்து ஆஸ்பத்திரியில் கண்ணாடிப் பெட்டிக்குள் கிடந்தபோது, "பொழச்சு வந்தா ஒன் வாசல்ல காது குத்துறேன்" என்று அந்தச் சாமிக்கு நேர்ந்திருந்தார்.

"நேர்த்தி வச்சதுக்கு எழுத்துமூல ஆதாரம் இருக்கா சம்பந்தி?" என்று கேட்டேன். (இதை எழுதும்போதே கன்னத்தில் போட்டுக்கொள்கிறேன்.)

கவிதாவும் பிரதீபனும் கட்டாரில் வேலை. நாங்கள் இருவரும் மாறி மாறிக் கட்டாருக்குக் கோல் எடுத்து முறையிட்டதில், பிள்ளைகள் இரண்டும் வேலைக்குப் போகப் பயந்தார்கள். கடைசியில் மருமகன் ஒரு யோசனை செய்தார். வீடியோ கோலுக்கென்று எங்கள் இருவருக்கும் ஏற்கெனவே வாங்கிக் கொடுத்திருந்த லெப்டொப்களில், அங்கிருந்தபடியே ஒரு விண்வெளி விளையாட்டை ஏற்றிவிட்டார்.

"மாமா, நீங்களும் அப்பாவும் இத வெளையாடுங்க. ஜெயிக்கிறவங்க சொல்ற கோயில். எங்களுக்கு இனிமே இத பத்தி கோல் எடுக்கக் கூடாது."

விளையாட்டு எளிமையானது. ஆளுக்கொரு கிரகத்தோடு ஆரம்பித்து, பக்கத்து நட்சத்திரங்களைப் பிடித்து, கப்பல் கட்டி, பேரரசு வளர்க்க வேண்டும். முந்நூறாம் வருடத்தில் இறுதிக்கட்டம் வரும். அப்போது அண்டத்தின் கிழக்கு மூலையிலிருந்து ஒரு பூச்சிப் படை கிளம்பும். வருடம் போகப்போக அதன் பலம் ஏறிக்கொண்டே போகும். நானூறாம் வருடத்தில் யாருக்குப் புள்ளி அதிகமோ அவர் வென்றவர்.

சம்பந்தி பென்ஷன் எடுத்த பிறகும் ஒரு தனியார் தேயிலை ஸ்டோரில் வேலை பார்த்தார். அதனால் மாதத்துக்கு ஒரு முறை, பௌர்ணமி விடுமுறையான போயா நாளில் மட்டும் ஆட்டம். காலை ஒன்பது மணிக்குப் பலாபத்வலையிலிருந்து பஸ் ஏறி, லெப்டொப்பை மார்போடு அணைத்துக்கொண்டு அலுவிகாரையில் எங்கள் வீட்டில் வந்து இறங்குவார். சாப்பாட்டு மேசையின் இந்தப் பக்கம் நான், அந்தப் பக்கம் அவர். நடுவில் என் மனைவி மனோன்மணி வைக்கிற தேநீர். அவர் ஒரு வாய் குடித்துவிட்டு, "தூள் நல்லதுதான் தங்கச்சி, தண்ணிதான் கொதிக்கல" என்பார். அவள் அதை எனக்கு விழுந்த திட்டாக மாற்றி என் பக்கம் அனுப்புவாள்.

பத்துப் போயா போனது. சம்பந்தியிடம் அறுபத்தொரு கிரகம், என்னிடம் பத்தொன்பது. காரணம் எளிது. அவர் பேரரசைத் தோட்டம் மாதிரி நடத்தினார். கிரகங்களுக்கு "எட்டாம் நம்பர் மலை", "பழைய லயம்", "மேக்கணக்கு" என்று பெயர் வைத்து, போயாவுக்குப் போயா ஒவ்வொன்றையும் சுற்றிப் பார்த்தார். தலைநகரத்துக்கு மட்டும் "ஆதிரா" என்று பெயர். நான் என் கிரகங்களுக்கு 1/அ, 1/ஆ என்று இலக்கமிட்டு, ஒவ்வொன்றிலும் முதலில் ஒரு நிருவாகக் கட்டிடம் கட்டினேன். என் பேரரசில் சாப்பாடு இல்லை, கப்பல் இல்லை. ஆனால் கிரகத்துக்கொரு கந்தோர் இருந்தது.

இதற்கிடையில் ஆட்டம் நத்தையாகிவிட்டது. இத்தனை கிரகத்தையும் கணக்குப் பார்க்க கொம்பியூட்டர் திணறி, ஒரு மாதம் நகர மூன்று நிமிடம் எடுத்தது. இருநூற்றைம்பதாம் வருடத்தில் நிற்கிறோம். பிள்ளைகளோ தை மாதம் லீவில் வருகிறார்கள். இந்த வேகத்தில் போனால் ஆதிரா தன் மகளோடு சேர்ந்து காது குத்திக்கொள்ள வேண்டியதுதான்.

"இழுத்துக்கிட்டே போகுதே சம்பந்தி. முடிவ கொஞ்சம் முன்னுக்குக் கொண்டுவர ஏலாதா?" என்று அவரே ஒரு நாள் கேட்டார்.

"பார்த்துச் சொல்றேன்" என்றேன். (கந்தோர் மொழியில் இதற்கு "சொல்ல மாட்டேன்" என்று பொருள்.)

முறை என்ன? என்ன வருடத்துக்கு மாற்றுகிறோம் என்று எழுதி, அவரிடம் கையொப்பம் வாங்கி மாற்றுவது. ஐந்து நிமிட வேலை. ஆனால் அறுபத்தொன்றும் பத்தொன்பதும் என் கண்ணை உறுத்தின. அடுத்த போயாவான பொசன் அன்று விடியற்காலையில் எழுந்து உட்கார்ந்தேன். ஆட்டம் நடுவில் நிற்கும்போது அதன் மெனுவில் எதையும் மாற்ற விடாது. ஆனால் சேமித்து வைத்த கோப்பு என் லெப்டொப்பில்தான் இருந்தது. திறந்து பார்த்தால் சாதாரண எழுத்து, வரி வரியாக. வாழ்நாள் முழுவதும் கோப்பு திறந்தவனுக்கு இன்னொரு கோப்பு.

வெற்றி வருடம் 400 என்ற இடத்தில் 260 போட்டேன். அதுவரை சரி. அடுத்த வரி, இறுதிக்கட்டம் தொடங்கும் வருடம், 300. இதில் 252 என்றோ 255 என்றோ போட்டிருந்தால் நான் இந்தக் கட்டுரை எழுத வேண்டி வந்திருக்காது.

ஆனால் எனக்குப் பழக்கம் வேறு. என் சேவைக்காலத்தில் எந்தச் சுற்றறிக்கையும் வந்த நாளுக்குப் பிந்திய திகதியில் அமுலுக்கு வந்ததாக எனக்கு ஞாபகமில்லை. இன்று வரும், போன வருடத்திலிருந்து அமுலாகும். அப்படிப் பின்திகதியிட்டால் என்ன ஆகும்? நடந்தது எல்லாம் நடந்து முடிந்ததாகக் கருதப்படும். படையெடுப்பு வந்து போனதாகக் கருதப்படும். படை கிளம்பும் கிழக்கு மூலையில்தான் சம்பந்தியின் மலைகள் எல்லாம் இருந்தன, ஆகவே அவற்றில் ஒரு நாற்பத்தைந்து கழிந்ததாகவும் கருதப்படும். சத்தமில்லை, சண்டையில்லை, எல்லாம் பேப்பரில். நூறாம் வருடம் என்று டைப் செய்தேன்.

மனோன்மணி பின்னால் வந்து நின்றாள். "என்னங்க செய்றீங்க விடியக் காத்தால?"

"ஒரு சின்னத் திருத்தம்."

"அண்ணேகிட்ட சொன்னீங்களா?"

"இது நிருவாக விசயம். சொல்லத் தேவையில்ல."

"அப்ப களவு" என்றுவிட்டு அடுப்படிக்குப் போனாள்.

சம்பந்தி வந்தார். உட்கார்ந்தார். முடிவு வருடத்தை மட்டும் 260 ஆக்கியதாகச் சொன்னேன். "அப்பாடா" என்று கையொப்பம் கேட்காமலே சந்தோஷப்பட்டார். ஆட்டத்தைத் தொடக்கினேன்.

கொம்பியூட்டருக்குக் "கருதப்படும்" என்ற சொல் தெரியாது. நூறாம் வருடம் கிளம்பியிருக்க வேண்டிய பூச்சிப் படை இன்னும் கிளம்பவில்லையே என்று பார்த்தது. உடனே அனுப்பியது. நூற்றைம்பது வருடம் ஏறியிருக்க வேண்டிய பலத்தையும் நிலுவையில்லாமல் சேர்த்து, ஒரே தவணையில் அனுப்பியது.

"சம்பந்தி, எட்டாம் நம்பர் மலைக்கு மேல ஏதோ செவப்பா தெரியுது."

"தூசியா இருக்கும். ஸ்கிரீனத் தொடைங்க."

துடைத்தார். "தூசி நகருது சம்பந்தி. காலையில வேலைக்குப் பேரு குடுக்க பிரட்டுக்கு ஆளு நின்ன மாதிரி வரிசை வரிசையா நகருது."

எட்டாம் நம்பர் மலை போனது. பழைய லயம் போனது. மேக்கணக்கு போனது. அவர் கப்பல்களை அனுப்பினார். போன கப்பல் போனதுதான். நத்தையாக நின்ற ஆட்டத்துக்கு அன்றைக்கென்று உற்சாகம் வந்துவிட்டது. கணக்குப் பார்க்கக் கிரகம் குறையக் குறைய வேகம் கூடியது. (நான் கேட்ட வேகம் அதுதான். கிடைத்துவிட்டது.) மத்தியானச் சாப்பாட்டுக்கு முன் அறுபத்தொன்றில் ஆதிரா மட்டும் மிஞ்சியது.

சம்பந்தி சாப்பிட வரவில்லை. இருந்த எல்லாவற்றையும் ஆதிராவைச் சுற்றிக் கொண்டுவந்து நிறுத்தினார். மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், மாட்டினார், மறுபடி கழற்றினார்.

"பிள்ளை பேரு வச்சது, தங்கச்சி" என்றார், என்னிடம் அல்ல, மனோன்மணியிடம். "இதயாவது விட்டுட்டுப் போகக் கூடாதா."

விடவில்லை. அவள் என்னைப் பார்த்த பார்வையை நான் எந்தக் கோப்பிலும் பதியவில்லை.

பூச்சிகள் பிறகு என் பக்கமும் வந்தன. பதினாறு கிரகத்தைத் தின்றன. மீதி மூன்றில் நிருவாகக் கட்டிடத்தைத் தவிர ஒன்றுமில்லை என்று கண்டு போய்விட்டன. இருநூற்று அறுபதாம் வருடம் பிறந்தது. திரையில் வாண வேடிக்கை. மூன்று கிரகத்தோடு நான் அண்டத்தை வென்றிருந்தேன்.

"இது நியாயமில்ல சம்பந்தி" என்றார் அவர். "ஒங்க மேல குத்தம் சொல்லல. வெளையாட்டுல பிழை இருக்கு. கம்பனிக்கு எழுதுங்க. நீங்க எழுதினா பதில் வரும்."

பதில் வராது என்று எனக்குத் தெரியும். பதில் போடாமல் இருப்பதில் நானே பெரிய கை. ஆகவே தைரியமாக எழுதினேன், அவருக்கு முன்னாலேயே, நல்ல ஆங்கிலத்தில். விடயம், மேற்கோள், பந்தி 1, பந்தி 2. இணைப்பு இல்லாத முறைப்பாடு பூரணமற்றது என்பதால் சேமித்த கோப்பை இணைப்பு 1 ஆக இணைத்தேன். சம்பந்தப்பட்ட தரப்புக்குப் பிரதி போக வேண்டும் என்பதால் சம்பந்தியின் மின்னஞ்சல் முகவரியையும் போட்டேன். களவு செய்தவன், களவுப் பொருளை உறையில் போட்டு, பறிகொடுத்தவருக்கும் ஒரு பிரதி வைத்து அனுப்பியது எனக்குத் தெரிந்து அதுதான் முதல் தடவை. அந்த நேரத்தில் அது உறைக்கவில்லை. கை தானாகச் செய்த வேலை.

ஆறு மாதம் ஆயிற்று. ஏழாவது மாதமும் வந்தது. சத்தமில்லை. டவுன் கோயிலில் திகதி குறித்தேன், கார்ட் அடித்தேன், பிள்ளைகள் கட்டாரிலிருந்து வந்திறங்கினார்கள். சம்பந்தி கார்டை வாங்கிப் பைக்குள் வைத்தார். கோயிலுக்குக் கொண்டுபோக ஒரு சீப்புப் பழம் மட்டும் தான் வாங்கி வருவதாகச் சொன்னார்.

முடிவைச் சொல்லிவிடுகிறேன். ஆதிராவுக்குக் காது குத்தியது ரத்தோட்டைக்கு மேலே, தோட்டத்துக் கோயிலில், பொங்கலுக்குப் பிந்திய ஞாயிற்றுக்கிழமை. முந்திய இரண்டு நாளும் நான் ஃபோனும் கையுமாக நின்று, கார்ட் கொடுத்த ஒவ்வொரு வீட்டுக்கும் "இடம் பற்றிய திருத்தம்" அறிவித்தேன். இரண்டு வேன் பிடித்தோம். வளைவுகளில் என் மைத்துனர் இரண்டு தடவை வாந்தியெடுத்தார். காது குத்தும் பத்தரை முன் ஸீட்டில் மடியில் பெட்டியோடு உட்கார்த்திக் கொண்டுபோனோம். பிள்ளை அழுததைவிடச் சம்பந்தி அதிகமாக அழுதார்.

அன்று முதல் எங்கள் வீட்டில் அளவுக்கு மிஞ்சி எது வந்தாலும் குற்றவாளி நான்தான். ரசத்தில் உப்புக் கூடினால், "மாமா திகதி மாத்திட்டாரு" என்பார் மருமகன். ஒரு வாரத்து மழை ஒரே நாளில் கொட்டினால் கவிதா கட்டாரிலிருந்து கேட்பாள்: "அப்பா, நீங்க ஏதும் கை வச்சீங்களா?"

ஆனால் இவ்வளவும் ஒரு கடிதத்தால் நடந்தது. பொங்கலுக்கு மறுநாள் காலை தேநீர் குடித்துக்கொண்டிருந்தேன். சம்பந்தி கேட்டைத் திறந்து வந்தார். கையில் பழம் இல்லை, மடித்த காகிதம்.

"ஒங்க லெட்டருக்குப் பதில் வந்திருக்கு சம்பந்தி. கொப்பி எனக்கும் போட்டிருந்தாங்க. கொமினிகேஷன் கடையில பிரின்ட் எடுத்துட்டு வந்தேன்."

வாங்கிப் படித்தேன். தாமதத்துக்கு வருந்தியிருந்தார்கள். இணைப்பு 1 மிகவும் உதவியாக இருந்ததாம். இறுதிக்கட்ட வருடம் விளையாட்டுக்கு வெளியே கையால் மாற்றப்பட்டிருக்கிறதாம். அதைக் கடந்த காலத்தில் வைத்த ஒருவரை அவர்கள் இதுவரை கண்டதில்லையாம். எதற்காக அப்படிச் செய்தேன் என்று அறிய அவர்களுடைய முழுப் பிரிவும் ஆவலாக இருந்தது.

"எனக்கும் ஆவலாத்தான் இருக்கு" என்றார் சம்பந்தி, நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு.

"நடந்து முடிஞ்சதா கருதப்படும்னு நெனச்சேன்."

"கருதப்படும்."

"ஆமா."

"நாப்பது வருசம் கொழுந்து வாட்டியிருக்கேன் சம்பந்தி. பச்சைக் கொழுந்த நேத்தே வாடினதா கருதி மெஷினுக்குள்ள போட்டா என்ன வரும் தெரியுமா?"

"என்ன வரும்?"

"விசாரிக்க தோட்டத்து கண்டக்டரையா வரும். அப்புறம் தொரை வரும். அப்புறம் வேல போகும்." கொஞ்சம் சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்தி என்னைப் பார்த்தார். "நான் அந்தச் சாமிகிட்ட சொல்லிட்டேன், சம்பந்தி. வேற எதுவும் எனக்கு வேணாம்."

"ஞாயித்துக்கெழம ரத்தோட்டைக்குப் போவோம்" என்றேன். முதல் தடவையாக அன்றைக்குத்தான் நான் எதையும் எழுதித் தரச் சொல்லிக் கேட்கவில்லை.

அவர் எழுந்து போனபின் காகிதத்தை மறுபடி விரித்தேன். வலப்பக்க மூலையில், ஸ்டோரில் கொழுந்து நிறை குறிக்கிற அதே சிவப்பு மையில், பெரிய எழுத்தில், அன்றைய திகதியையே இட்டு எழுதியிருந்தார்: பதில் கிடைத்தது, வெள்ளிக்கிழமை, ஜனவரி 16.