வாய் எந்தப் பக்கம்?

அட்டையில் இருந்த நத்தை பக்கத்தை விட்டு வெளியே போகிற மாதிரி இருந்தது. அதுதான் லேஅவுட்காரருக்குப் பொறுக்கவில்லை.

அச்சகத்தில் அவருக்கு அந்தப் பெயர்தான். பக்கத்தில் எது எங்கே உட்கார வேண்டும், எந்தப் படம் எவ்வளவு பெரிதாக வர வேண்டும் என்று கணினியில் தீர்மானிப்பது அவர் வேலை. அதில் அவருக்கு ஒரு கொள்கை உண்டு. முகம் உள்ள எதுவும் பக்கத்துக்கு உள்ளேதான் பார்க்க வேண்டும். மனிதன், மாடு, மோட்டார் கார், எதுவானாலும் சரி. இந்தக் கடல் நத்தையின் ஓடோ, அட்டையின் வலது ஓரத்தில் நின்றுகொண்டு, வாயையும் வலது பக்கமே திறந்து, புத்தகத்தின் தலைப்புக்கு முதுகைக் காட்டியது.

ஒரு பொத்தானை அமுக்கினார். படம் இடவலமாகத் திரும்பியது. இப்போது நத்தை தலைப்பைப் பார்த்து வாய் பிளந்தது.

"இப்பதான் மரியாதையா இருக்கு" என்று மிஷினுக்கு அனுப்பிவிட்டார்.

வேறு யாருடைய புத்தகமாக இருந்தாலும் இவ்வளவு மெனக்கெட்டிருக்க மாட்டார். எழுதியவர் அவருடைய மாமனார். கல்லூரியில் விலங்கியல் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவர். ஆயுள் பூராவும் கடல் நத்தைகளையே பார்த்துக்கொண்டிருந்ததால் மனிதர்களைப் பார்த்தால் அவருக்குக் கொஞ்சம் சலிப்பு. கல்யாணமான நாளிலிருந்து மாப்பிள்ளையைப் பற்றி அவர் வாயிலிருந்து ஒரு நல்ல வார்த்தை வந்ததில்லை. கெட்ட வார்த்தையும் வந்ததில்லை. யாராவது வீட்டுக்கு வந்தால், "இவர் மாப்பிள்ளை. கம்ப்யூட்டர்ல என்னமோ பண்றார்" என்று சொல்லிவிட்டு நத்தைக்குத் திரும்பிவிடுவார். அந்த 'என்னமோ' லேஅவுட்காரரின் மனதை அரித்துக்கொண்டே இருந்தது. இந்தப் புத்தகத்தை வைத்து எப்படியாவது ஒரு 'பரவாயில்லையே' வாங்கிவிட வேண்டும் என்பதுதான் அவருடைய ஒரே லட்சியம்.

அட்டைக்கான படத்தை மாமியார்தான் எடுத்துப் போனில் அனுப்பியிருந்தார். மாமனாருக்குப் போன் திரையில் எதையும் பார்க்கப் பிடிக்காது. "அச்சுல வரட்டும், பாத்துக்கறேன்" என்று சொல்லிவிட்டார்.

அன்று மத்தியானம் மாமனார் வீட்டில் சாப்பாடு. நல்ல பெயர் எடுப்பதற்கு இதுவும் ஒரு சந்தர்ப்பம்தானே என்று லேஅவுட்காரர் பேச்சைத் தொடங்கினார்.

"ஒரு சந்தேகம் மாமா. நத்தை வளர வளர, ஓடு பத்தாமப் போயிடுமே. வேற ஓடு தேடிப் போயிடுமா?"

"அடுத்தவன் ஓட்டுல குடியேறுறது ஒரு ஜாதி நண்டு பண்ற வேலை. நத்தைக்கு அதெல்லாம் பிடிக்காது. சொந்த வீடு" என்ற மாமனார், பக்கத்து மேசையிலிருந்து ஓர் ஓட்டை எடுத்தார். "பொறக்கும்போதே கடுகு மாதிரி ஒரு ஓட்டோடதான் வருது. அந்தக் கடுகுதான் உச்சியில இருக்கே, இந்த முனை. அப்புறம் சுண்ணாம்புச் சத்தைச் சேத்து வச்சு, உடம்போட விளிம்பால இந்த வாய் ஓரத்துல மட்டும் கொஞ்சம் கொஞ்சமாப் பூசிக்கிட்டே போகும். வீடும் வளரும், அதுவும் வளரும்."

லேஅவுட்காரர் கேட்க ஆரம்பித்தது நல்ல பெயருக்காகத்தான். ஆனால் இப்போது உண்மையிலேயே ஆசை வந்துவிட்டது. சாப்பிடுகிற கையோடு எட்டிப் பார்த்தார்.

"அப்ப இந்தக் கோடு, புள்ளியெல்லாம்?"

"அதுவும் அந்த விளிம்புலதான். வளர வளர, வரி வரியா."

"எங்க மிஷின் மாதிரியே!"

"உங்க மிஷின்ல தப்பு வந்தா கிழிச்சுப் போட்டுட்டு மறுபடி அடிப்பீங்க. இதுக்கு அந்த வசதி கிடையாது" என்ற மாமனார், ஓட்டின் முனையை மேலே வைத்து, வாய் தெரியும்படி நீட்டினார். "இப்படிப் பிடிச்சா வாய் எந்தப் பக்கம் இருக்கு?"

"வலது பக்கம்."

"எந்தக் கரையில பொறுக்கினாலும் இந்த ஜாதிக்கு வாய் வலது பக்கம்தான். முட்டைக்குள்ள கரு ரெண்டா, நாலாப் பிரியும்போதே அது முடிவாயிடும். சில பேர் படத்துல மாத்திப் போட்டுடறாங்க. அதைப் பாத்தாலே எனக்குப் பத்திக்கிட்டு வரும். நத்தையைக் கண்ணாலயே பாக்காத முட்டாள்னு அர்த்தம். ஆனா பாருங்க..."

பரிமாறிக்கொண்டிருந்த மாமியாரின் கையிலிருந்து கரண்டி விழுந்தது. லேஅவுட்காரர் அதைக் கவனிக்கவில்லை. அந்த 'ஆனா'வையும் கேட்கவில்லை. அதற்குள் கை கழுவிவிட்டு வாசலுக்குப் போய்விட்டார்.

"என்னங்க, இன்னும் சாப்பிட்டே முடிக்கலையே!" என்று மனைவி கத்தியது தெருமுனை வரை கேட்டது.

அச்சகத்தில் மிஷின்காரர் சிரித்த முகத்தோடு வரவேற்றார்.

"அட்டையா சார்? அடிச்சு லேமினேஷனும் போட்டாச்சு. சும்மா சொல்லக் கூடாது, நத்தை நம்மளையே கூப்பிடற மாதிரி இருக்கு."

"அதான் தப்பு. உடனே வேற அடிக்கணும். முதலாளிக்குத் தெரிய வேண்டாம்."

பதற்றத்தில் கணினியில் உட்கார்ந்து பொத்தானை அமுக்கி மிஷினுக்கு அனுப்பினார். படத்தை மட்டும் திருப்புவதற்குப் பதில் அட்டை முழுவதையும் திருப்பிவிட்டார். மிஷின்காரர் எழுத்துக்கூட்டிப் படிக்கிற ஜாதியில்லை. கையிருப்பில் இருந்த அட்டைத் தாள் தீர்கிற வரை அடித்துவிட்டு வந்தார்.

"மாமா பேரைக் கண்ணாடியில காட்டினாத்தான் படிக்க முடியுது சார். புது ஸ்டைலா?"

அதைக் கேட்டுக்கொண்டே முதலாளி உள்ளே வந்தார். ஓர் அட்டையை எடுத்து முன்னும் பின்னும் பார்த்தார்.

"யாரைக் கேட்டு மாத்தினீங்க?"

"எழுத்தாளர்தான் மாத்தச் சொன்னார் சார்."

"அப்படியா? நானே போன் போட்டுக் கேக்கறேன்."

"வேண்டாம் சார்! அவருக்குத் தொண்டை கட்டியிருக்கு. பேச முடியாது."

"பேச முடியாதவர் எப்படிய்யா மாத்தச் சொன்னார்?"

"சைகையில சார். வாயை வலது பக்கம் திருப்பணும்னு இப்படிக் காட்டினார்" என்று லேஅவுட்காரர் தன் வாயை வலது பக்கமாகக் கோணிக் காட்டினார்.

முதலாளியின் முகம் வெளுத்துவிட்டது. "அய்யய்யோ, அது தொண்டை இல்லைய்யா, பக்கவாதம்! பாவம், நல்ல மனுஷன். நாளைக்கு முதல் புத்தகக் கட்டை நானே கொண்டுபோய் அவர் கையில கொடுக்கறேன். இருக்கும்போதே புத்தகத்தைக் கண்ணால பாத்துடட்டும்."

இனி ஒரே வழிதான் பாக்கி. வாய் வலது பக்கம் இருக்கிற படத்தைத் தனியாக அச்சடித்து, முதலில் அடித்த அட்டைகளின் மேல் ஒட்டிவிடுவது. பைண்டிங் அக்கா அட்டையைத் தடவிப் பார்த்தார்.

"லேமினேஷன் மேல எந்தப் பசையும் நிக்காது தம்பி. உரிஞ்சு வந்துடும்."

"அவர் பாக்கற வரைக்கும் நின்னாப் போதும் அக்கா."

"நான் சொல்லிட்டேன். அப்புறம் என்னைக் குத்தம் சொல்லாதீங்க" என்று அக்கா தூரிகையை எடுத்தார்.

மறுநாள் காலையில், புத்தகக் கட்டோடும் ஒரு கூடை பழத்தோடும் முதலாளி வந்து இறங்கினார். பின்னாலேயே லேஅவுட்காரர், பரீட்சை முடிவு பார்க்கப் போகிறவரைப் போல. மாமனாரே வந்து கதவைத் திறந்தார்.

"எழுந்து நடக்கறீங்களே! வாயும் நேராயிடுச்சே!" என்றார் முதலாளி.

"என் வாய்க்கு என்ன?"

"பேச்சும் வந்துடுச்சு!"

மாமனார் மாப்பிள்ளையைப் பார்த்தார். மாப்பிள்ளை கூரையைப் பார்த்தார். அதற்குள் மாமியார், "முதல்ல புத்தகத்தைப் பாருங்க" என்று கத்தரிக்கோலை நீட்டினார்.

கட்டைப் பிரித்து, மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு, மாமனார் அட்டையைப் பார்த்தார். பார்த்துக்கொண்டே இருந்தார். அவர் முகம் சுருங்கிப் போயிற்று.

"இது என்ன நத்தை?"

"வாய் வலது பக்கம்தான் மாமா இருக்கு" என்றார் லேஅவுட்காரர் அவசரமாக. "நல்லாப் பாருங்க. நீங்கதானே சொன்னீங்க, எல்லாமே..."

"எல்லாமே அப்படித்தான். ஒண்ணே ஒண்ணைத் தவிர! ஆயுசு பூரா தேடி இடது பக்கம் வாய் திறக்கற ஒண்ணை எடுத்தேன். இந்தப் புத்தகமே அதைப் பத்தித்தான். கடைசி அத்தியாயத்தை நீங்க படிக்கலையா?"

"லேஅவுட் பண்ணேன் மாமா. படிக்கல."

மாமனார் திட்டியிருந்தால்கூடத் தேவலை. அவர் தலையைக் குனிந்துகொண்டு அட்டையை விரலால் தேய்த்துக்கொண்டிருந்தார். அதைப் பார்க்க லேஅவுட்காரருக்கு அழுகையே வந்துவிட்டது. ஒரு மனிதரின் ஆயுள் உழைப்பை ஒரு பொத்தானில் கெடுத்தோமே என்று நினைத்தார். இல்லை, இரண்டு பொத்தானில்.

அந்த விரல் ஒட்டின இடத்தின் ஓரத்தில் மாட்டியது. படம் உரிந்து மாமனாரின் கையோடு வந்துவிட்டது. உள்ளேயிருந்து, வாயை இடது பக்கம் திறந்தபடி, பளபளவென்று ஒரு நத்தை எட்டிப் பார்த்தது.

மாமனார் உரிந்த படத்தைத் திரும்ப வைத்து மூடினார். மறுபடி திறந்தார். இன்னொரு தடவை மூடித் திறந்தார்.

"மேல, ஊருல உள்ளதெல்லாம்" என்றார் மெதுவாக. "தேடினவனுக்கு, உள்ளே இது. நான் புத்தகம் பூரா எழுதினதை நீங்க அட்டையிலயே சொல்லிட்டீங்களே மாப்பிள்ளை!"

"எங்க அச்சகத்துல எப்பவும் இப்படிப் புதுசா யோசிப்போம்" என்று முதலாளி முந்திக்கொண்டார்.

"நீங்க சும்மா இருங்க. இது இவர் மூளை. என் மாப்பிள்ளை பெரிய கெட்டிக்காரர்!"

லேஅவுட்காரருக்குக் காது அடைத்துவிட்டது. ஒரு 'பரவாயில்லையே'வுக்கு ஏங்கியவருக்கு ஒரேயடியாகக் 'கெட்டிக்காரர்' கிடைத்தால் என்ன ஆவார்? நின்ற இடத்திலேயே நாற்காலியைத் தேடினார்.

"இருங்க, நிஜ ஓட்டையே கொண்டுவந்து காட்டறேன். வெளிச்சம் பட்டா நிறம் மங்கிடும்னு பஞ்சு சுத்தி பீரோவுல வச்சிருக்கேன். நான்கூட எடுத்துப் பாக்கறதில்ல" என்று மாமனார் எழுந்தார். "ஏய், பீரோச் சாவியைக் குடு."

"இப்ப எதுக்குங்க?" என்று மாமியார் பாய்ந்து வந்தார். "அதான் புத்தகத்திலேயே இவ்வளவு நல்லா இருக்கே! வந்தவருக்கு முதல்ல புத்தகத்துல கையெழுத்துப் போட்டுக் குடுங்க."

மாமனார் சிரித்துக்கொண்டே பேனாவைத் தேடப் போனார். லேஅவுட்காரர் தண்ணீர் குடிக்கச் சமையலறைக்குள் நுழைந்தார். மாமியார் பின்னாலேயே வந்து கதவைச் சாத்தினார்.

லேஅவுட்காரருக்கு மனச்சாட்சி உறுத்தியது. "அத்தை, உங்ககிட்டயாவது உண்மையைச் சொல்லிடறேன். நீங்க அனுப்பின படத்துல வாய் வலது பக்கம்தான் இருந்தது. நான்தான் தெரியாம அதை இடது பக்கமாத் திருப்பிட்டேன்."

மாமியார் அவர் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார்.

"நீங்க நல்லா இருக்கணும் மாப்பிள்ளை. அது நான் கடையில வாங்கின சாதாரண நத்தை. அவரோட நத்தை, போன வருஷம் பீரோவை ஒழிக்கறப்பவே என் கையால விழுந்து உடைஞ்சு போச்சு."