நாற்பது கன்னியரின் செபமும் என் மகளின் மாத்திரையும்

டிப்பெரரி, அயர்லாந்து
9 மார்ச் 1970

மதிப்பிற்குரிய அக்கா சிஸ்டர் அட்ராக்டா அவர்களுக்கு, தம்பி மலாக்கி எழுதிக்கொண்டது. நானும் பிலோமினாவும் பிள்ளைகள் ஏழு பேரும் ஆண்டவர் கிருபையால் சுகம். தங்கள் முழங்கால் வலி எப்படி இருக்கிறது?

கேட்கக் காரணம் உண்டு. மூத்தவள் டெர்வ்லாவுக்குக் கல்யாணமாகி இரண்டு வருஷமாகியும் குழந்தை இல்லையே என்று தங்கள் மடத்தில் நாற்பது கன்னியர் தினமும் முழங்காலில் நிற்கிறீர்கள். தயவுசெய்து எழுந்துவிடுங்கள் அக்கா. போன ஞாயிறு சாப்பிடும்போது அவள் கைப்பையிலிருந்து மாத்திரை அட்டை ஒன்று விழுந்தது. மாதவிலக்கு ஒழுங்காக வர டாக்டர் எழுதிக் கொடுத்ததாம். கால்நடை மருத்துவம் கடைசி வருஷம் படிக்கிற பிள்ளைக்கு இப்படியொரு வியாதியா என்று மறுநாளே மருந்துக்கடை லேசியிடம் ஓடினேன். அவர் கதவைச் சாத்திவிட்டு, "நம்ம சர்ச் பங்குல பாதிப் பொம்பளைங்களுக்கு இந்த வியாதிதான் மலாக்கி. பிள்ளை வேண்டாம்னு எழுதினா சட்டம் விடாது, இப்படி எழுதினா விடும்" என்றார். முப்பது வருஷம் தபால் சுமந்து ஊர் ரகசியமெல்லாம் அறிந்தவன் என்று மார்தட்டிக்கொண்டிருந்தேனே, இது தெரியவில்லை பாருங்கள்.

கோபமாகத்தான் அவளைத் தேடிப் போனேன். பண்ணைக்காரன் க்ரோலியின் மாட்டுக்கொட்டகையில், தோள்வரை கையைப் பசுவுக்குள் விட்டபடி நிற்கிறாள். கன்று தலைமாறிக் கிடந்ததாம். போன வருஷம் இவளைப் பார்த்து "ஆம்பளையா ஒருத்தரை அனுப்புங்க" என்ற அதே க்ரோலி, தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு நிற்கிறான். என் முகத்தைப் பார்த்ததுமே அவளுக்குப் புரிந்துவிட்டது.

"அப்பா, என் வயசுல அம்மாவுக்கு மூணு பிள்ளைங்க. நான் பரீட்சையை முடிச்சுட்டுப் பெத்துக்கிறேன். திட்டறதுன்னா திட்டுங்க, ஆனா கன்னு காலுல கட்டின இந்தக் கயித்தைப் பிடிச்சுக்கிட்டே திட்டுங்க."

பிடித்தேன். கன்று உயிரோடு விழுந்தது. என் பிள்ளை அக்கா, என் பிள்ளை! அன்றிலிருந்து வழியில் பார்க்கிறவர்களிடமெல்லாம் அந்தக் கன்றைப் பற்றித்தான் பேச்சு. ஆகவே அந்தச் செபங்களை ஜூன் மாதப் பரீட்சைக்கு மாற்றிவிடுங்கள். மாத்திரை விஷயம் மடத்துத் தலைவி மதர் காதுக்குப் போகவேண்டாம். இந்தக் காலத்துப் பிள்ளைகளுக்கு மனவுறுதி ஏது? கடைக்குட்டி பிறந்தபின் ஏழு வருஷமாக, மாத்திரை கீத்திரை இல்லாமல், நவநாள் செபம் சொல்லியே நான் சமாளிக்கவில்லையா?

தங்கள் முழங்காலுக்கும் மடத்தார் அனைவருக்கும் மாதாவின் துணை வேண்டும்,
தம்பி மலாக்கி

பி.கு.: உறையை ஒட்டுமுன் பிலோமினா படித்துவிட்டு, கண்ணில் நீர் வரச் சிரித்தாள். அவளுக்கும் ஆறு வருஷமாக அந்த வியாதிதானாம். "எட்டாவது ஒண்ணு பிறந்திருந்தா டெர்வ்லாவைக் காலேஜுக்கா அனுப்பியிருப்பீங்க? தொட்டில் ஆட்ட வெச்சிருப்பீங்க" என்றாள். வாஸ்தவம்தான், வெச்சிருப்பேன். ஆகையால் மேலே என் நவநாளைப் பற்றி எழுதியதை அடித்துவிட்டு, அந்த இடத்தில் பிலோமினா என்று படித்துக்கொள்ளுங்கள்.