வெறும் உரல்

எனக்குக் கரடியிடம் பயமில்லை. பேயிடமும் பெரிதாக இல்லை. வெறும் உரலைக் கண்டால் மட்டும் இன்றைக்கும் பயம்.

வெள்ளைக்காரன் ஆண்ட காலம். எங்கள் மலையில் சில ஊர்கள் சேர்ந்தால் ஒரு நாடு; பைல் நாட்டிலிருந்து குண்டனி நாட்டுக்கு நான் மருமகளாக வந்த புதிது. மலைச் சனங்களின் அன்றாட வாழ்க்கையைப் படம் பிடிக்க ஒரு துரையும், அவர் பேச்சைத் தமிழில் சொல்ல ஒரு குமாஸ்தாவும் மூன்று கால் மிஷினோடு எங்கள் வாசலுக்கு வந்து நின்றார்கள். மாமியார் பேளுக்குறிச்சிச் சந்தைக்குப் போயிருந்தார். வீட்டுக்காரர் தோட்டத்துப் பலாமரத்தில் ஏறி, அதில் படர்ந்திருந்த மிளகைப் பறித்துக்கொண்டிருந்தார்.

நான் சாமை இடிப்பதைப் படம் பிடிக்க வேண்டுமாம். ஓடிப்போய்க் கல்யாணச் சேலையைக் கட்டிக்கொண்டு வந்தேன். (சாமை இடிக்க யாராவது கல்யாணச் சேலை கட்டுவார்களா? நான் கட்டினேன்.)

"உமி பறந்தா மிஷின் கெட்டுடும். சாமையை அள்ளிட்டு சும்மா இடிம்மா" என்றார் குமாஸ்தா.

படத்தில் விழும் ஆசை கண்ணை மறைத்துவிட்டது. உலக்கையை ஓங்கி ஓங்கிப் போட்டேன். 'ணங், ணங்' என்று சத்தம் கேட்ட பிறகுதான் உறைத்தது. வெறும் உரலை இடித்தால் அந்த வீட்டு ஆம்பளைக்கு ஆகாது. எங்கள் மலையில் பால்குடிப் பிள்ளைக்கும் தெரிந்த சங்கதி அது. என் வீட்டு ஆம்பளையோ மர உச்சியில் இருந்தார்.

உலக்கையைப் போட்டுவிட்டுப் பலாமரத்தடிக்கு ஓடினேன். துரை மிஷினைத் தூக்கிக்கொண்டு பின்னாலேயே வந்ததைக்கூட நான் கவனிக்கவில்லை.

"ஏனுங்க, அசையாதீங்க. எறங்காதீங்க."

"என்ன, பாம்பா?"

"இல்லீங்க. வெறும் உரலை இடிச்சுப்போட்டனுங்க."

அதுவரை குரங்கு மாதிரி உட்கார்ந்திருந்த மனுஷன் மரத்தைக் கட்டிப்பிடித்துக்கொண்டார். விழுந்தால் தாங்கிக்கொள்ளலாம் என்று இரண்டு கைகளையும் விரித்தபடி, தெரிந்த சாமி பேரையெல்லாம் சொல்லி அழுதேன். (அவர் விழுந்திருந்தால் நான் அப்பளம்.) தாலி கட்டி ஒரு மழைக்காலம்கூட முழுசாக முடியவில்லையே என்று புலம்பினேன்.

பொழுது சாய வந்த மாமியார் எல்லாவற்றையும் கேட்டார். திட்டவில்லை. உரலில் இரண்டு கை சாமையைப் போட்டு, "இப்ப இடி கண்ணு, சரியாப் போயிரும்" என்றார். இடித்தேன். அதன் பிறகுதான் வீட்டுக்காரர் இறங்கினார், உடம்பெல்லாம் செவ்வெறும்புக் கடியோடு.

மறுவருஷம் சந்தையில் வெள்ளைத் துணி கட்டி அந்தப் படத்தைக் காட்டினார்கள். உரல் வரவே இல்லை. மரத்தடியில் கைவிரித்து நான் அழுவதுதான் வந்தது. "மிளகு பறிக்கும்போது மலைப் பெண்கள் மரத்தை வணங்கிப் பாடுவார்கள்" என்று விளக்கினார் அதே குமாஸ்தா. முன்னால் உட்கார்ந்திருந்த ஒரு பெரியவர் கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

இன்றைக்கும் மரத்தில் கால் வைக்கும் முன் வீட்டுக்காரர் குரல் கொடுப்பார்: "உரல்ல சாமை இருக்குதா?"

பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். நானும் சிரித்துக்கொண்டேதான் எழுந்து போகிறேன். ஆனால் உரலுக்குள் எட்டிப் பார்க்காமல் ஒருநாளும் பதில் சொன்னதில்லை. அதுவரை அவரும் ஏறியதில்லை.