சிவப்பிக்காக இடமாற்றம் பெற்றவர்

1958 ஆனி: புதிய ஜீப் பாதைக்கான ஏழாம் எண் வரைபடம் துணியில் படியெடுக்கப்பட்டது. ஆடி: சித்திரபுரத்துக்கு மேலே உள்ள சிகரம் ஒன்றில் ஆறடிக் கல் நடப்பட்டது. ஆவணி: விசாரணை. டிராஃப்ட்ஸ்மேன் ஒருவர் வடகரப்பதிக்கு மாற்றப்பட்டார்.

பதிவேட்டில் உள்ளது இவ்வளவே. பதிவேடு சொல்லாததை நான் சொல்கிறேன்: தானே படைத்த நட்சத்திரத்துக்காக இடமாற்றம் பெற்ற மனிதர் இந்த உலகில் ஒருவர்தான். அவர் எங்கள் ஸ்கேல் அண்ணாச்சி.

சட்டைக் காலருக்குப் பின்னால் ஓரடி மர ஸ்கேலை எப்போதும் செருகியிருப்பார். கோடு போடுவதற்கு ஒரு முறை எடுத்தால், முதுகு சொறிவதற்கு நான்கு முறை எடுப்பார். பின்னாலிருந்து பார்ப்பவர்களுக்கு அவர் அரையடி கூடுதல் உயரம்.

அந்தத் தற்காலிகச் சர்வே முகாமில் அவர் டிராஃப்ட்ஸ்மேன். நான் கணிதத்தில் பட்டம் பெற்றுவிட்டு, அவர் வரைவதைப் படியெடுக்கும் டிரேசராகச் சேர்ந்திருந்தேன். வேலை இன்னும் நிரந்தரமாகவில்லை. மதியச் சாப்பாட்டு வேளைகளில் அண்ணாச்சி கழிவுத் தாள்களின் பின்புறத்தில் வேறொரு உலகத்தை வரைந்துகொண்டிருப்பார். அதற்கு அங்கிட்டு என்று பெயர். அதன் மிக உயர்ந்த சிகரத்துக்கு நேர்மேலே அசையாமல் நிற்கும் ஒரே நட்சத்திரம், சிவப்பி. அவள் உதிப்பதுமில்லை, மறைவதுமில்லை. ஆகவே அங்கே இரவும் கிடையாது, கிழக்கு மேற்கும் கிடையாது. ‘சிவப்பிக்கு முன்னால் நாலாவது வீடு’ என்றுதான் வழி சொல்வார்கள்.

“ஏனுங்க அண்ணாச்சி, அங்க ராத்திரியே இல்லீன்னா சனங்க எப்பத் தூங்குவாங்க?” என்று ஒருநாள் கேட்டேன்.

“தூக்கம் வந்தா தூங்குவான். ஒங்க ஊர்ல என்ன, மணி பாத்தாக்கும் கொட்டாவி விடுதிய?”

சித்திரபுரத்தில் ஆனி பிறந்தால் ஆவணி முடியும்வரை வானம் என்ற ஒன்று இராது. அப்போதும் அவர் நிலம் அளக்கும் தியோடலைட்டை முற்றத்தில் நிறுத்தி, ஒரு கண்ணை மூடிக்கொண்டு சிவப்பியை நோக்குவார்.

“என்ன அண்ணாச்சி தெரியுது?” என்பார் கல் நடும் கூட்டத்தின் மேஸ்திரி.

“மேகம்.”

“அப்ப சிவப்பி?”

“மேகத்துக்குப் பின்னால இருக்கா. ஒம் பொஞ்சாதி அடுப்படியில இருந்தா, வீட்ல இல்லைன்னா சொல்லுவ?”

மேஸ்திரி உடனே நம்பிவிட்டார். அங்கிட்டில் தமக்கு இரண்டு ஏக்கர் ஏலத்தோட்டம் கேட்டார். அண்ணாச்சி கண்டிப்பாக மறுத்துவிட்டார். “சிவப்பி வெளிச்சத்துல ஏலம் வராது வே. வேணும்னா மிளகு தாரேன்.” மேஸ்திரி ஓர் இரவு முழுவதும் யோசித்துவிட்டு மிளகுக்குச் சம்மதித்தார். அதன்பின் தினமும் காலையில் வந்து, கொடி பிடித்துவிட்டதா என்று விசாரிப்பார்.

ஆனியில் மழை உள்ளே புகுந்து கழிவுத் தாளெல்லாம் நனைந்துபோயிற்று. சிவப்பியின் இடத்தை ஒருமுறை சரிபார்க்க எண்ணிய அண்ணாச்சி, ஏழாம் எண் வரைபடத்தில் இருந்த நிஜமான சிகரத்தின்மீது மெல்லிய பென்சிலால் அவளைப் போட்டுப் பார்த்தார். “டிரேஸ் பண்ணுமுன்ன அழிச்சிரு தம்பி” என்று என்னிடம் கூறிவிட்டுத் தேநீர் குடிக்கப் போனார்.

நான் அழிக்கவில்லை. மறந்துவிட்டேன். மறந்தது போதாதென்று, கரும்பென்சிலில் இருந்த அவளுக்கு நானே சிவப்பு மை கொடுத்தேன். அவள் சிவப்பு என்பதில் எனக்கு அவ்வளவு நம்பிக்கை வந்துவிட்டிருந்தது.

எங்கள் முகாமின் விதி எளியது: சிவப்பு மையில் குறி இருந்தால் அங்கே கல் நட வேண்டும். மேஸ்திரி நான்கு ஆட்களுடன், சிமென்ட் மூட்டையுடன், கால் நிறைய அட்டைகளுடன் நான்கு நாள் மலையேறி, யாருக்கும் தேவைப்படாத அந்தச் சிகரத்தில் ஆறடிக் கல்லை நட்டுவிட்டு வெற்றியுடன் இறங்கினார்.

ஆவணியில் மேகம் ஐந்து நிமிடம் விலகி, சிகரத்தில் அந்தக் கல் பளிச்சென்று தெரிந்தது. அந்த ஐந்து நிமிடத்தில்தானா பெரிய எஞ்சினியர் ஜீப்பில் வந்து இறங்க வேண்டும்? கல்பாத்திக்காரர், குரலை உயர்த்தவே மாட்டார், அதனாலேயே எல்லோரும் நடுங்குவோம். படியெடுத்த துணியை மேசைமேல் விரித்தார்.

“ரோடு போறது நாலு மைல் கீழே. மேலே இந்த நட்சத்திரத்தைப் போட்டது யாராக்கும்?”

அந்த அறையில் பேனா பிடிப்பவர்கள் இருவர். நான் சிவப்பு மைக்கூட்டின் மூடியைத் திருகி மூடினேன்.

“நாந்தான் சார்” என்றார் அண்ணாச்சி.

“எதுக்கு?”

“அது அங்கதான் சார் இருக்கு.”

எஞ்சினியர் சன்னல் வழியே பார்த்தார். “ஒண்ணையும் காணலையே?”

“மேகம் சார்.”

எஞ்சினியர் கண்ணாடியைக் கழற்றி வெகுநேரம் துடைத்தார். “மேகமே இல்லாத ஊர் ஒண்ணு பார்த்து உமக்குத் தரேன்” என்றார். வடகரப்பதி என் சொந்த ஊர். அங்கே மழை, உறவினரைப்போல, விசேஷங்களுக்கு மட்டும் வரும்.

புறப்படும் நாளன்று ஜீப்புக்கு அருகில், “அண்ணாச்சி, நானுங்க...” என்று தொடங்கினேன்.

“வாய மூடு. எனக்குன்னா ஊர்தான் மாத்துவான். ஒன்னைய வீட்டுக்கே அனுப்பிருவான்” என்று கூறிவிட்டு, ஸ்கேலால் முதுகைச் சொறிந்தபடி ஏறிக்கொண்டார்.

எனக்கு வேலை நிரந்தரமாயிற்று. இரண்டு ஆண்டுகள் நான் ஊருக்குப் போகவில்லை. அவர் முகத்தில் விழிக்க வேண்டியிருக்குமே என்பதைத் தவிர வேறு காரணம் இல்லை. அவரோ எங்கள் வீட்டுக்குப் போய் என் அம்மாவிடம் களி கேட்டு வாங்கிச் சாப்பிட்டிருக்கிறார். எனக்கு ஓர் அஞ்சலட்டையும் எழுதினார்:

“தம்பி, ஒங்க ஊர்ல வானம் பூரா நட்சத்திரம். சிவப்பி ஒக்காருததுக்கு எடமே இல்ல. அதனால அவளை அங்கேயே விட்டுட்டு வந்துட்டேன், பாத்துக்க. அங்கிட்டுல ஒனக்கு ஒரு வீடு போட்டிருக்கேன். வாசல் எந்தப் பக்கம் வேணும்னு எழுது.”

சென்ற மாதம் அண்ணாச்சி காலமானார் என்று அவர் மகன் எழுதியிருந்தார். அதைப் பற்றி இங்கே அதிகம் எழுதுவதாக இல்லை. செய்யாமல் விட்டவற்றை மட்டும் குறித்து வைக்கிறேன்.

ஒன்று: சிவப்பு மை என்னுடையது என்று அலுவலகத்துக்கு எழுதுவது. அந்த அலுவலகம் இப்போது இல்லை.

இரண்டு: அதையே அவர் மகனிடம் நேரில் சொல்வது.

மூன்று: அஞ்சலட்டைக்குப் பதில். அண்ணாச்சி, உங்க வாசலைப் பார்த்து இருந்தாப் போதுமுங்க.