ஏமாளி அண்ணர் நடந்த கரை

ஆக்லாந்தில் தெரிந்தே ஏமாந்த ஒரே மனிதர் ஏமாளி அண்ணர்தான். நாமெல்லாம் தெரியாமல் ஏமாறுகிற கூட்டம். வீட்டு ஏஜென்டிடம், விசா ஏஜென்டிடம், முதலாளியிடம்.

அவர் நிஜப் பெயரை யாரும் சொல்லி நான் கேட்டதில்லை. யாழ்ப்பாணத்துக்காரர். ஈஸ்ட் டாமாக்கியில் ஒரு கிடங்கில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டினார். சனி, ஞாயிறுகளில் மானுகாவ் கடலோரத்துப் பறவைக் காப்பிடத்தில் கழி அடித்துக் கயிறு கட்டுவார். உள்ளே சதுப்பும் சிப்பி மேடும். மேட்டில் பறவைகள் முட்டையிடும். ஆள் போகக்கூடாது.

நான் போனேன். எனக்குச் சர்க்கரை. டாக்டர் நடக்கச் சொன்னார். நான் குடியிருக்கும் த்ரீ கிங்ஸில் நடந்தால் நேரே கடைக்குள் போய்விடுகிறேன் என்று மனைவி கடற்கரைக்குத் துரத்தினாள். அங்கே ஒரு சின்னப் பறவை சிறகு முறிந்து மணலில் இழுபட்டுக்கொண்டிருந்தது. டாட்டரெல் என்பார்கள், நம் உப்புக்கொத்திக்குச் சொந்தம். மிருக டாக்டரிடம் கொண்டுபோகலாம் என்று ஜெர்கினைக் கழற்றிக்கொண்டு கயிற்றைத் தாண்டி ஓடினேன்.

“தம்பி, அதிலையே நில்லும். காலை அசைக்காதையும். உம்மட சப்பாத்துக்கு ஒரு சாண் தள்ளி மூண்டு முட்டை கிடக்கு.” கயிற்றுக்கு வெளியே அண்ணர்.

“பறவைக்கு அடிபட்டிருக்கு சார்.”

“ஒண்டும் படேல்லை. நடிக்குது. உம்மைக் கூட்டை விட்டுத் தூரக் கூட்டிக்கொண்டு போகப் பாக்குது.”

குனிந்து பார்த்தேன். மணல் நிறத்தில் மூன்று முட்டை. ஐம்பது வயதில் ஒரு குருவியிடம் ஏமாந்த கோபத்தோடு, வந்த தடத்திலேயே கால் வைத்து வெளியே வந்தேன்.

அதற்கப்புறம் அண்ணர் செய்ததைத்தான் பார்க்கவேண்டும். கயிற்றுக்கு வெளியே, அந்தப் பறவைக்கு இணையாக நடந்தார். “ஓம், ஓம். சரியான காயம்தான். இந்தா, பிடிக்க வாறன்.” ஐம்பது அடி போனதும் அது சிறகை மடித்து ஜம்மென்று பறந்தது. இவர் இரண்டு கையையும் விரித்து, “சீ, தப்பிட்டுது” என்று வருத்தப்பட்டார்.

“தெரிஞ்சும் எதுக்குப் போறீங்க?”

“அது எவ்வளவு பாடுபட்டு நடிக்குது. நம்பாட்டி அவமரியாதை எல்லோ.”

அடுத்த வாரத்திலிருந்து நானும் கழி பிடிக்கப் போனேன். ஒரு நாளைக்குப் பத்துத் தடவை இந்த நாடகம். நாயை அவிழ்த்துவிட்டு வருகிறவர்களிடம் நான் கத்துவேன். அவர் கத்த மாட்டார். அறிவிப்புப் பலகை அருகே அவர்களை நிறுத்தி, கண் தெரியாதவருக்குப் படிப்பதுபோல முதல் வரியிலிருந்து கடைசியில் உள்ள ஃபோன் நம்பர் வரை நிதானமாகப் படிப்பார். இரண்டாம் பத்தியிலேயே நாய்க்குச் சங்கிலி மாட்டிவிடுவார்கள். அதற்கப்புறமும் படிப்பார்.

போன வருடம் அவர் மூட்டு தேய்ந்துபோனது. வேலையை விட்டார். மெல்பர்னில் இருக்கும் மகள் டிக்கெட் போட்டுவிட்டாள். அதே வாரம் அவருடைய ஜோடி, நான் மிதிக்கப் பார்த்த அதே ஜோடி, கடல் ஏறும் இடத்தில் முட்டையிட்டிருந்தது. முந்தைய இரண்டு வருடமும் அதற்குக் குஞ்சு தங்கவில்லை. ஒரு வருடம் நாய், ஒரு வருடம் கடல். அமாவாசைப் பெருக்குக்கு நான்கு நாள்தான் இருந்தது.

காப்பிடத்து ரேஞ்சரம்மா ஒரு பழைய டயரில் மணலை நிரப்பி, கூட்டை அதற்குள் வைத்தார். அதைக் கொஞ்சம் கொஞ்சமாக மேட்டுக்கு இழுக்கவேண்டும். ஒரேயடியாக நகர்த்தினால் தாய்க்கு இடம் தெரியாது, விட்டுப் போய்விடும்.

அண்ணர் வேலையைப் பிரித்துக் கொடுத்தார். “தம்பி, நீர் இழும். நான் ஏமாறப் போறன்.”

நான்கு நாள் நானும் ரேஞ்சரம்மாவும் முதுகு ஒடிய இழுத்தோம். இவர் அந்தத் தேய்ந்த மூட்டோடு பறவை பின்னால் நொண்டினார். பறவையும் நொண்டியது. அதனுடையதுதான் நடிப்பு. அமாவாசை அன்று தண்ணீர் பழைய இடத்தை மூழ்கடித்து, டயருக்கு ஒரு முழம் கீழே நின்றது. அண்ணர் மூக்கை உறிஞ்சிவிட்டு, குளிர் என்றார்.

முட்டை பொரிவதற்குள் டிக்கெட் நாள் வந்துவிட்டது. ஏர்போர்ட்டுக்கு நான்தான் காரில் கொண்டுபோனேன். மூன்று பெரிய பெட்டி. வீட்டைக் காலிசெய்து சாவியும் கொடுத்தாயிற்று.

“டொக்டரிட்டைக் காலைக் காட்டிப்போட்டு ரெண்டு மாசத்தில வந்திடுவன் தம்பி.”

எனக்குப் பொய் ஆகாது. முகத்துக்கு நேரே சொல்லிவிடுவேன். அன்றைக்குச் சொல்லவில்லை.

“ஓம் அண்ணே” என்றேன். “ரெண்டு மாசம்தானே.” வழியனுப்ப வந்தவர்களை விடுகிற தூரம் வரை அவர் பின்னாலேயே நடந்தேன்.

மூன்றாம் நாள் இரண்டு குஞ்சு. வீடியோ அனுப்பினேன். உடனே கூப்பிட்டு, டிக்கெட் பார்க்கிறேன் என்றார். ஒரு வருடமாக ஒவ்வொரு ஞாயிறும் அதையே சொல்கிறார். நானும் ஓம் என்கிறேன்.

இந்த வருடமும் அந்த ஜோடி வந்துவிட்டது. காலையில் ஐம்பது அடி ஏமாந்துவிட்டு, கையை விரித்துவிட்டு வந்தேன். கழி அடிக்க எனக்கென்று ஒரு சுத்தியல் வாங்கிக்கொண்டேன். அவருடையது காப்பிடத்து ஷெட்டில் அவர் மாட்டிய ஆணியிலேயே தொங்குகிறது. வந்தால் தேடக்கூடாது.