தொலைந்த பொருள் பிரிவின் நாற்பத்தொரு விதிகள்

மனித குலத்துக்கு முதலில் நெருப்பு கிடைத்தது, பிறகு சக்கரம் கிடைத்தது, மூன்றாவதாக என் கையிலிருக்கும் இந்தக் கோப்பு கிடைக்கப்போகிறது. மேலாளர் அறைக்குப் படியேறும்போது அவள் இப்படித்தான் நினைத்தாள். நினைத்ததோடு நிற்கவில்லை. வரலாற்றில் இடம்பெறப்போகும் தன் புகைப்படம் எந்தப் பக்கம் திரும்பியிருக்க வேண்டும் என்பதையும் மூன்றாவது மாடி வருவதற்குள் தீர்மானித்துவிட்டாள். இடது பக்கம். இடது கன்னத்தில் இருந்த மரு அப்போதுதான் மறையும்.

கோப்பின் பெயர் "பணியிட விளையாட்டு: விதிகளும் நடைமுறைகளும்". மொத்தம் நாற்பத்தொரு விதிகள். நாற்பதோடு முடித்திருக்கலாம். ஆனால் நாற்பது என்றால் யோசித்து நிறுத்தியதுபோல் இருக்கும், நாற்பத்தொன்று என்றால் அறிவு தானாகப் பெருகி வழிந்ததுபோல் இருக்கும் என்று அவளுக்குப் பட்டது.

இந்த அரிய நூல் பிறந்த இடம் பேருந்துக் கழகத் தலைமையகத்தின் கீழ்த்தளம். அங்கேதான் தொலைந்த பொருள் பிரிவு இருந்தது. பயணிகள் பேருந்தில் விட்டுவிட்டுப் போவதெல்லாம் அங்கே வந்து சேரும். இருநூற்றுப் பதினாலு குடைகள், சாப்பாட்டு டப்பாக்கள், ஒற்றைச் செருப்புகள், ஒரு பல்செட், ஒரு ஊன்றுகோல். ஊன்றுகோலை விட்டுவிட்டு அந்த மனிதர் எப்படி இறங்கி நடந்திருப்பார் என்று அவளும் டிரைவர் அண்ணனும் ஒன்பது வருடமாக விவாதித்து வருகிறார்கள். முடிவு எட்டப்படவில்லை.

டிரைவர் அண்ணன் இருபத்திரண்டு வருடம் பேருந்து ஓட்டியவர். இடுப்பு ஒத்துழைக்க மறுத்ததும் மேசைக்கு மாற்றினார்கள். பிரிவில் அவர்கள் இரண்டே பேர். எதிரே ஒரு ஜன்னல், ஜன்னலுக்கு எதிரே நீளமான நடைபாதை. வாசலில் நுழையும் ஆள் ஜன்னலுக்கு வந்து சேர முப்பத்திரண்டு அடி நடக்க வேண்டும். அந்த முப்பத்திரண்டு அடிக்குள் அவர் எதைத் தொலைத்தார் என்று சொல்லிவிட வேண்டும். தோற்றவர் போய் டீ வாங்கி வர வேண்டும். அவ்வளவுதான் விளையாட்டு.

"குடை," என்பார் அண்ணன் நிமிராமலே.

"இல்லண்ணே, டிபன் பாக்ஸ். நடையைப் பாருங்க, வீட்டுல வாங்கிக் கட்டிக்கிட்ட நடை."

வந்தவர் ஜன்னலில் கை வைத்து, "அக்கா, ஒரு டிபன் பாக்ஸ்..." என்பார். அண்ணன் எழுந்து டீக்குப் போவார். போனைத் தொலைத்தவர்கள் பையைத் தட்டிக்கொண்டே வருவார்கள். கண்ணாடியைத் தொலைத்தவர்கள் முதலில் பக்கத்து ஜன்னலுக்குப் போய்விட்டு வருவார்கள். இதில் பாதி அண்ணன் அவளுக்குக் கற்றுக்கொடுத்தது. பேருந்தின் கண்ணாடியில் முகத்தைப் பார்த்தே யார் எந்த நிறுத்தத்தில் இறங்குவார் என்று சொன்னவர் அவர். காலையில் வேலைக்குக் கிளம்பும்போது அவள் ஏன் கொஞ்சம் வேகமாக நடக்கிறாள் என்பது அவள் கணவருக்குக்கூடத் தெரியாது.

ஒரு நாள் அதே நடைபாதையில் மேலாளர் வந்தார்.

"பேனா," என்றார் அண்ணன்.

"சார்கிட்ட தொலைக்க நிதானத்தைத் தவிர என்ன இருக்கு?" என்றாள் அவள், கொஞ்சம் உரக்கவே.

மேலாளருக்குக் காது நன்றாகக் கேட்கும். ஆனால் அவருக்குக் கோபம் வரவில்லை. நிறுவனத்திலேயே மிகக் குறைவாக விடுப்பு எடுக்கும் பிரிவு இது என்று கணினி சொல்லியிருந்ததாம். ஏதோ கோளாறு என்று நினைத்து விசாரிக்க வந்தாராம். விளையாட்டைப் பற்றி அவள் சொன்னதும் அவர் கண்கள் கலங்கின.

"இதைத்தாங்க நாங்க மூணு வருஷமா தேடிட்டு இருக்கோம். 'பணியிடத்தில் விளையாட்டுணர்வை வளர்த்தல்'னு மேலிடத்துல இருந்து அஞ்சு சுற்றறிக்கை வந்திருக்கு. ஆறாவது வர்றதுக்குள்ள இதை எழுதிக் குடுத்துடுங்க."

அவர் போனதும் அண்ணன் டீ டம்ளரைக் கீழே வைத்தார். "எழுதாதம்மா."

"ஏண்ணே?"

"எழுதினா அது வேலையாயிடும்."

அவர் பேச்சை அவள் கேட்கவில்லை. ஏன் கேட்கவில்லை என்று தனக்குள் இறங்கிப் பார்த்தபோது, அங்கே ஒரு பள்ளி மைதானம் இருந்தது. ஆட்டத்துக்கு ஆள் பிரிக்கும்போது அவளை யாரும் கூப்பிட மாட்டார்கள். எல்லோருடைய கைக்கடிகாரங்களையும் மடியில் வைத்துக்கொண்டு ஓரத்தில் உட்கார்ந்து மதிப்பெண் எழுதுவாள். மிக அழகாக எழுதுவாள். ஆடியவர்கள் எல்லாம் எங்கெங்கோ போய்விட்டார்கள், அந்தக் கையெழுத்து மட்டும் அவளோடு தங்கிவிட்டது. இப்போது ஒரு மேலாளர் அதைத் தேடி வந்திருக்கிறார். பெரிய எழுத்தாளர்களுக்கெல்லாம் இப்படி ஒரு கணம் வரும் என்று அவள் நினைத்துக்கொண்டாள்.

விதி ஏழு: யூகிக்கும்போது சிரிப்பது எதிர்த்தரப்பின் கவனத்தைக் குலைக்கும் செயலாகக் கருதப்படும். விதி பன்னிரண்டு: தோற்றவர் டீ வாங்கும் பழக்கம் ஒழிக்கப்பட்டு, வென்றவருக்கு "உற்சாகப் புள்ளி" வழங்கப்படும். விதி பத்தொன்பது: இருவரும் யூகப் படிவத்தில் கையொப்பமிடும் வரை பொதுமக்கள் மஞ்சள் கோட்டைத் தாண்டக் கூடாது, வாய் திறக்கவும் கூடாது. விதி இருபத்துமூன்று: விளையாட்டு நேரம் காலை பதினொன்று முதல் பதினொன்றரை வரை, அந்நேரத்தில் இருக்கையை விட்டு எழுவது ஒழுங்கீனம்.

கோப்பு ஏற்கப்பட்டது. அவள் "விளையாட்டுப் பொறுப்பாளர்" ஆனாள். கழுத்தில் மாட்டிக்கொள்ள ஒரு விசில் கொடுத்தார்கள்.

முதல் நாள் முதல் ஆளாக ஒரு பெரியவர் தட்டுத் தடுமாறி வந்தார்.

"ஐயா, மஞ்சள் கோட்டுக்கு அந்தப் பக்கம் நில்லுங்க."

"எந்தக் கோடும்மா?"

"கீழ பாருங்க."

"அது தெரிஞ்சா நான் ஏன் இங்க வர்றேன்?"

அண்ணன் படிவத்தில் "கண்ணாடி" என்று எழுதினார். பெரியவர் வாய் திறந்த பிறகு எழுதியதால் அது செல்லாது என்று அவள் தீர்ப்பளித்தாள். விசிலும் ஊதினாள். பெரியவர் பயந்துபோய்ப் பக்கத்து ஜன்னலுக்குப் போய்விட்டார். கண்ணாடி இன்னும் அலமாரியில்தான் இருக்கிறது.

மாதக் கடைசியில் அண்ணனின் வெற்றி விகிதம் முப்பத்தெட்டு. அறுபதுக்குக் கீழே போனால் பயிற்சி வகுப்பு. அது விதி முப்பத்தொன்று. வகுப்பெடுக்க வேண்டியவள் அவள். தனக்கு எல்லாம் சொல்லிக்கொடுத்தவரை முதல் பெஞ்சில் உட்கார வைத்து, "தொலைத்தவர் நடையின் அடிப்படைக் கூறுகள்" என்று பலகையில் எழுதினாள். எழுத்து கோணாமல் வந்தது. அதுவே அவளுக்கு வெட்கமாக இருந்தது. ஆனாலும் அடிக்கோடு போட்டாள்.

அண்ணன் கையைத் தூக்கினார். "மேடம்..."

ஒன்பது வருடத்தில் அவர் அவளை மேடம் என்று கூப்பிட்டதே இல்லை.

"நடுநடுவுல ஏதாவது வேலை இருந்தா குடுங்களேன். கொஞ்சம் இளைப்பாறிக்கலாம்."

மறுநாள் அவர் விடுப்பு. அதற்கு மறுநாளும். கணினி கவலை தெரிவித்தது.

ஞாயிற்றுக்கிழமை அவள் வீட்டில் உட்கார்ந்து நாற்பத்திரண்டாவது விதியை யோசித்தாள். மாடிப்படியில் அவள் மகளும் பக்கத்து வீட்டுப் பிள்ளைகளும் பாட்டில் மூடிகளை அடுக்கிக் கத்திக்கொண்டிருந்தார்கள். அவள் குறிப்பேட்டோடு போய் மேல்படியில் உட்கார்ந்தாள்.

"இந்த விளையாட்டுல யார் ஜெயிக்கிறாங்கன்னு எப்படி முடிவு பண்றீங்க?"

மகள் நிமிர்ந்து பார்த்தாள். "அம்மா, நீ ஆபீசுக்குப் போ."

"இன்னைக்கு ஞாயித்துக்கிழமைடி."

"பரவால்லம்மா, போ."

பிள்ளைகள் மூடிகளை அள்ளிக்கொண்டு கீழ்ப்படிக்கு இடம் மாறினார்கள். ஒருத்தி மட்டும் திரும்பி, "ஆன்ட்டி, இதைக் கொஞ்சம் வச்சுக்குங்க," என்று தன் கைக்கடிகாரத்தைக் கழற்றிக் கொடுத்தாள். அவள் அதை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். கடிகாரம் மிகத் துல்லியமாக ஓடிக்கொண்டிருந்தது.

திங்கட்கிழமை காலை பதினொன்றாக ஐந்து நிமிடம். அவள் மேசையில் ஒரு மனு இருந்தது. விடுப்பு முடிந்து வந்த அண்ணன் டயர் கிடங்குக்கு மாற்றல் கேட்டிருந்தார். காரணம் என்ற இடத்தில், "வேலை செய்ய விரும்புகிறேன்" என்று எழுதியிருந்தார். விளையாட்டுப் பொறுப்பாளர் கையெழுத்திட்டால் மனு மேலே போகும்.

"ஏண்ணே இப்படி?"

"டயரு டயராவே இருக்கும்மா. அதுக்குப் படிவம் கிடையாது."

"நான் பண்ணது தப்புதான்."

"தப்பு இல்லம்மா. அழகா எழுதியிருந்தே. அதான் கஷ்டமாப் போச்சு."

ஒன்பது வருடமாக ஊரார் தொலைத்ததை எல்லாம் பத்திரமாக எடுத்து வைத்த பிரிவில், பிரிவுக்குச் சொந்தமான ஒரே பொருள் தொலைந்திருந்தது. தொலைத்தவரின் கையெழுத்து நாற்பத்தொரு இடத்தில் இருந்தது. மனுவை எடுத்துக்கொண்டு போய்க் குடை அலமாரியின் அடித்தட்டில், இருநூற்றுப் பதினாலு குடைகளுக்கும் கீழே செருகினாள். அங்கே போன எதுவும் இதுவரை மேலிடத்துக்குப் போனதில்லை. விசிலைக் கழற்றி அதே தட்டில் போட்டாள்.

திரும்பி வந்து உட்கார்ந்தபோது நடைபாதையின் மறுமுனையில் மேலாளர் தெரிந்தார். கையில் ஒரு புதுக் கோப்பு. முப்பத்திரண்டு அடி.

அண்ணன் அவரைப் பார்த்தார். அவளைப் பார்த்தார். பிறகு உதடு அசையாமல், "முதல்ல 'ஒரு சின்ன விஷயம்'னு ஆரம்பிப்பாரு," என்றார்.

அவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். "இல்லண்ணே. 'சிறப்பு'."

படிவம் இல்லை. கையொப்பம் இல்லை. மஞ்சள் கோட்டை மேலாளர் கவனிக்கவே இல்லை. அவளுக்குச் சிரிப்பு வேறு வந்தது. நான்கு மீறல்கள் ஒரே மூச்சில் நடந்தேறின.

"சிறப்பு!" என்றார் மேலாளர் ஜன்னலில் கை வைத்து. "மிகச் சிறப்பு! உங்க கையேட்டைப் பதினெட்டு கிளைக்கும் அனுப்பப் போறாங்க."

அண்ணன் இடுப்பைப் பிடித்துக்கொண்டு எழுந்தார்.

"அவர் எங்க போறாரு?"

"டீ வாங்க, சார்."

"மணி பதினொண்ணு! விளையாட்டு நேரத்துலயா?" மேலாளர் வருத்தத்தோடு தலையாட்டிவிட்டுக் குனிந்தார். "சரி, அதை விடுங்க. மேலிடத்துல இரண்டாம் பாகம் கேக்குறாங்க. உங்க ரெண்டு பேருக்குள்ள இன்னும் என்னென்ன விளையாட்டு இருக்கும்னு எனக்குத் தெரியும். ஒண்ணு விடாம எழுதிக் குடுங்க. உங்க புகைப்படத்தோட போடறாங்க."

புகைப்படம். அவள் முகம் தன்னையறியாமல் இடது பக்கம் திரும்பியது. அவள் அதை நேராக்கினாள்.

"வேற எதுவும் இல்ல, சார்."

"எதுவுமே இல்லையா? நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. காலையில இருந்து சாயங்காலம் வரைக்கும் அப்படி என்னதான் பண்றீங்க ரெண்டு பேரும்?"

"வேலைதான் பாக்குறோம், சார்."

"வெறும் வேலையா?"

"வெறும் வேலைதான்."

மேலாளர் கோப்பைத் திறந்து, கனத்த மனதோடு எழுதினார்: "இப்பிரிவினர் பணி நேரத்தில் பணி மட்டுமே செய்து வந்ததாகத் தாங்களே ஒப்புக்கொண்டனர்."