ஒன்பதே கால் முழப் பாம்பும் ஒரு விரல் மீதியும்

ஒரு காட்டில், தும்முவதற்குக்கூட மனுப் போட வேண்டிய காட்டில், சுருளாயி என்றொரு மலைப்பாம்பு இருந்தாள். வயிற்றில் முப்பது முட்டை. சாயங்காலம் மழை பிடிக்கும் என்று தவளைகள் தொண்டை கிழியக் கத்திக்கொண்டிருந்தன. அதற்குள் முட்டையிட ஒரு வளை கிடைத்தாக வேண்டும்.

வளை ஒதுக்கும் ஆபீஸில் காலையிலிருந்தே வரிசை. சுருளாயியின் தலை ஜன்னலுக்கு வந்த பிறகும் வால் புளியமரத்தடியில் கிடந்தது. பின்னால் நின்றவர்கள், "யக்கா, நீங்க மொத்தம் எத்தனை பேரு?" என்று சண்டைக்கு வந்தார்கள்.

ஜன்னலுக்குள் குமாஸ்தா முயல் சிகாமணி. பேனா செருகுவதற்கென்றே காது வளர்த்தவன்.

"மனுவுல ஒன்பதாவது கட்டம் காலியா இருக்கே அம்மணி. உங்க நீளத்துல வளையோட ஆழத்தைக் கழிச்சு எழுதணும். மீதி இருக்கே, அதுதான் வெளிய நீட்டிக்கிட்டு இருக்கப்போற வாலு. ரெண்டரை முழத்துக்கு மேல போனா வளை கிடையாது. போன வருஷம் ஒரு வாலு தடுக்கி யானை விழுந்துடுச்சு."

அவள் நீளத்தை அளந்தது காட்டுப்பன்றி. வளையை அளந்தது காண்டாமிருகம். அங்கேதான் வந்தது வினை. அந்தக் காட்டு வழக்கப்படி, அளக்கிறவருக்கு ஒரு காலில் எத்தனை விரலோ, முழத்தை அத்தனை கூறு போடுவார். பன்றிக்கு நாலு விரல். பாம்பு ஒன்பதே கால் முழம் என்றது. காண்டாமிருகத்துக்கு மூன்று, வளை ஆறு முழமும் மூன்றில் இரண்டும் என்றது. சுருளாயிக்கோ விரலே கிடையாது. எதை மடக்கி எண்ணுவாள்?

"நாலுல ஒண்ணுலேருந்து மூணுல ரெண்டைக் கழிக்க முடியுமாண்ணே?"

"எப்படி முடியும் தங்கச்சி? என் விரல் வேற, அவன் விரல் வேற. அவனோடது உலக்கை," என்றது பன்றி.

"உன்னோடது என்ன, வெண்டைக்காயா?" என்று காண்டாமிருகம் மூச்சு விட்டதில் வரிசையில் நின்ற மூன்று பேர் பறந்தே போனார்கள்.

சுருளாயி யோசித்தாள். காண்டாமிருகம் நாலு காலையும் ஊன்றினால் பன்னிரண்டு விரல். பன்றி மூன்று காலை ஊன்றினாலும் பன்னிரண்டுதான். முழத்துக்குப் பன்னிரண்டு விரல் என்று வைத்துக்கொண்டால் இரண்டும் ஒரே கணக்கு!

"அண்ணே, ஒரு காலைத் தூக்குங்க!"

"இத்தனை பேர் முன்னாலயா? நான் என்ன நாயா?"

"முப்பது பிள்ளைகளுக்குத் தாய்மாமன்ணே நீங்க!"

பன்றி கண்ணை இறுக மூடிக்கொண்டு தூக்கியது.

பன்றி சொன்ன கால் முழம் மூன்று விரல் ஆனது. காண்டாமிருகத்தின் மூன்றில் இரண்டு எட்டு விரல் ஆனது. மூன்றிலிருந்து எட்டு போகாது. ஒன்பது முழத்தில் ஒன்றை உடைத்துப் பன்னிரண்டு விரலைச் சேர்த்தாள், பதினைந்து. எட்டுப் போக ஏழு. மிச்சமிருந்த எட்டு முழத்தில் ஆறு போக இரண்டு.

"ரெண்டு முழம் ஏழு விரல்!"

வரிசை முழுக்க விசில். பன்றி நிலைதடுமாறிக் காண்டாமிருகத்தின் மடியில் விழுந்தது.

சிகாமணி மூன்று தடவை சரிபார்த்தான். "பிரமாதம்! இந்த ஆபீஸ்ல இவ்வளவு சுத்தமா யாருமே கழிச்சதில்லை. ஆனா ரெண்டரைன்னா ரெண்டு முழம் ஆறு விரல். உங்களுக்கு ஒரு விரல் கூட இருக்கு. தள்ளுபடி. அடுத்த ஆள் வாங்க!"

முதல் தூறல் சுருளாயியின் மூக்கில் விழுந்தது. "ஒரு விரல்தானேப்பா. வேற வழியே இல்லையா?"

"நீளத்தைக் குறைச்சுக்கிட்டு வாங்க!" அவள் முகம் போகிற போக்கை நன்றாகப் பார்க்க வேண்டுமென்று, சிகாமணி ஜன்னலுக்கு வெளியே தலையை நீட்டிச் சிரித்தான்.

சுருளாயி குறைத்துக்கொண்டாள். ஒரே வாய். காது உட்பட.

வயிறு பக்கவாட்டில் உப்ப, நீளம் சுருங்கியது. பன்றி யாரும் சொல்லாமலே காலைத் தூக்கிக்கொண்டு மறுபடி அளந்தது: ஒன்பது முழம் இரண்டு விரல். வளையைக் கழித்தால் இரண்டு முழம் ஆறு விரல். ஒரு மயிரிழை கூட இல்லை, குறைய இல்லை, ரெண்டரை.

பக்கத்து நாற்காலியில் ஆமை. பத்து வருஷமாக ஒரு காகிதத்தையும் நகர்த்தாதவர். ஓட்டுக்குள் தலையை இழுத்துக்கொண்டு, கையை மட்டும் வெளியே விட்டு, படாரென்று முத்திரை குத்தினார்.

"கணக்கு ரொம்பச் சரியா இருக்கும்மா. இன்னொரு வளையும் வேணுமா?"

நீதி: பின்னங்களின் பகுதிகளைச் சமமாக்கத் தெரிந்தால் மட்டும் போதாது, வாயும் கொஞ்சம் பெரிதாக இருக்க வேண்டும்.